ரகுவின் படத்தில் முகம் இல்லை

போன மாதம் பதுளையில் ரகு வீட்டில் டீ குடித்துக்கொண்டிருந்தேன். வாசலில் முருகையா வந்து நின்றார். ஹல்துமுல்லைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டத் தொழிலாளி. கூடவே பள்ளிக்கூடம் போகிற மகள்.

“தம்பி, வர்ற மாசம் எங்க வீட்டுக்காரிக்குத் தெவசம். படம் வச்சு மால போடணும். நீங்கதான் அவளைப் படம் புடிச்சீங்களே... ஒரு மொகம் எடுத்துக் குடுங்க.”

ரகு முழித்தான்.

ஏன் என்று சொல்ல வேண்டும். ரகு எடுப்பது பாதி ஆவணப்படம், பாதி பரீட்சார்த்தப் படம். ‘இவன் நம்ம ஆள் இல்லை’ என்று இரண்டு கூட்டமும் கைகழுவிவிடும். அவனுக்கு ஒரு பிடிவாதம் — முகத்தைக் காட்டமாட்டான். “முகத்தைக் காட்டினா பார்க்கிறவங்க உச்சுக் கொட்டிட்டு எழும்பிப் போயிருவாங்க அண்ணே” என்பான். அதனால் கை, கால், கூடை, மூடுபனி... வெளிநாட்டு விழாக்களில் கைதட்டல் வேறு!

முருகையாவின் தோட்டத்திலும் அப்படி ஒரு படம் எடுத்தான். அதை முடித்த கொஞ்ச நாளில் மண்சரிவு. முருகையாவும் மகளும் பெரகலைக்குச் சாமான் வாங்கப் போயிருந்தார்கள். திரும்பி வந்தபோது லயத்து வரிசை வீடுகளும் இல்லை, வீட்டிலிருந்த மனைவி லட்சுமியும் இல்லை. போன், ஆல்பம் எல்லாம் மண்ணுக்குள். சொந்தக்காரர் ஒருவரிடம் பழைய கல்யாணப் படம் இருந்ததாம். அதைப் பார்த்த மகள், “இது யாரு?” என்று கேட்டுவிட்டாள்.

நமக்கெல்லாம் முகம் மலிவு. சோற்றுக்கு உட்காரும்போதுகூட ஒரு செல்ஃபி. அவருக்கு ஒன்றே ஒன்று வேண்டியிருந்தது.

ரகு கம்ப்யூட்டரைத் திறந்தான். லட்சுமியின் விரல்கள் வந்தன. முதுகு வந்தது. வெடித்த குதிகால் வந்தது. “அவ கைதானுங்க... அவ காலுதானுங்க” என்று ஒவ்வொன்றுக்கும் தலையாட்டினார் முருகையா. ஒரு குறை சொல்லவில்லை. எனக்குத்தான் கோபம் வந்தது. இவ்வளவு எடுத்தவனுக்கு ஒரு தடவையாவது கமராவை மேலே தூக்கத் தோன்றவில்லையா?

கடைசியில், வேண்டாம் என்று ஒதுக்கிய துண்டுகளைப் போட்டான். ஒன்றில் வெறும் சுவர். குடை எடுக்க வெளியே போனவன் கமராவை நிறுத்த மறந்திருக்கிறான். திடீரென்று திரை முழுக்க ஒரு முகம், பொட்டு கலைந்து, கண்ணைச் சுருக்கிக்கொண்டு.

“எங்க போனாரு இந்தத் தம்பி? தேத்தண்ணி ஆறுதே!”

“அம்மா!” என்றாள் மகள்.

முருகையா திரைக்குக் கிட்டே போய்க் குனிந்தார். பிறகு, “இன்னொருக்காப் போடுங்க தம்பி” என்றார். ரகு போட்டான். அவர் கேட்கக் கேட்கப் போட்டுக்கொண்டே இருந்தான்.

போன வாரம் மொனராகலைப் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் ரகுவுக்குப் புதுப் படப்பிடிப்பு. நானும் தொற்றிக்கொண்டேன். வேலை தொடங்குமுன் எல்லோரையும் ஒவ்வொருவராக நிற்கவைத்து, முகத்தை நேருக்கு நேர் எடுத்தான். கொள்கையை விட்டுவிட்டானா?

வரிசையில் நின்ற ஒரு பெண் முந்தானையைச் சரிசெய்துகொண்டே கேட்டார்: “இது படத்துல வருமாங்க?”

“வராதுங்க. உங்க வீட்டுக்கு வரும்.”