டாக்டரிடம் சொல்லாமல் விட்டது

பொகவந்தலாவையில் ஆட்டோ விபத்தில் அடிபட்ட என் கணவர், தொண்டையில் குழாய் போட்டு இரண்டு வாரம் செயற்கைச் சுவாசத்தில் இருந்து பிழைத்து வந்தார். இரண்டு மாதம் கழித்து, தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகளான லயத்துக்குப் படியேறும்போது அவர் மூச்சு விசில் போலக் கேட்டது. தேயிலைத் தோட்டத்து டிஸ்பென்சரியில் வீசிங் என்று மட்டும் சொல்லி மருந்து வாங்கினேன்.

“மூச்ச உள்ள இழுக்கவே முடியல புள்ள” என்பார்.

“பீடிய விட்டாத்தானேங்க!” என்று ஏசினேன்.

ஒரு காலையில் முகம் நீலம் பாரிக்கவே, அவரைப் பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். “முன்ன குழாய் போட்டிருந்தாங்களா?” என்று டாக்டர் கேட்டபோதுதான் சொன்னேன். குழாய் உரசிய புண் தழும்பாகி, குரல் நாணுக்குக் கீழே மூச்சுவழி சுருங்கிவிட்டதாம். முன்னமே வந்திருந்தால் விரித்துவிட்டிருக்கலாமாம். கழுத்தில் துளையிட்டும் அவரைக் காப்பாற்ற முடியவில்லை.

இப்போது லயத்தில் யார் மருந்துக்குப் போனாலும், “பழைய ஆஸ்பத்திரித் துண்டுச் சீட்டு எடுத்தீங்களா?” என்று கேட்கிறேன். சிலர் சலித்துக்கொள்கிறார்கள். எடுத்து வரும்வரை அவர்கள் வாசலிலேயே நிற்கிறேன்.