கண்மாயில் இறங்கிய சைகோன் அக்கா

எழுபத்தைந்தாம் வருஷம் சைகோன் விழுந்த செய்தியை அப்பா ரேடியோவில் காதை ஒட்டிவைத்துக் கேட்டார். எங்கள் கொத்தமங்கலத்துச் செட்டியார்கள் சிலருக்கு அங்கே கடை இருந்தது. எனக்கு அப்போது இருபத்திரண்டு வயது. ஆசிரியர் பயிற்சி முடித்துவிட்டு வேலைக்குக் காத்திருந்தேன். எங்கோ நடக்கிற சண்டை என்று நான் சோளம் புடைத்துக்கொண்டிருந்தேன்.

அப்பா விவசாயி. கூடவே, எதிர்ப் பெரிய வீட்டின் சாவியும் அவரிடம்தான் இருந்தது. வீட்டுக்காரச் செட்டியார் குடும்பம் மெட்ராஸில். சில மாதம் கழித்து அவரிடமிருந்து கடிதம் வந்தது. 'நம் சைகோன் கடையில் ரொம்ப வருஷம் வேலை பார்த்தவர் பெண்டாட்டி பிள்ளைகளோடு வருகிறார். சொந்த ஊரில் தங்க இடமில்லை. இரண்டு மாசத்துக்குப் பின்கட்டைத் திறந்துவிடவும்.'

மத்தியான பஸ்ஸில் வந்து இறங்கினார்கள். அவர் திருப்பத்தூர்ப் பக்கத்துக்காரர். ஒல்லியாக, களைத்துப்போய் இருந்தார். பத்து வயதிலும் ஏழு வயதிலும் இரண்டு பெண் பிள்ளைகள். மனைவி அந்த நாட்டுக்காரர். கறுப்புக் கால்சட்டையும் நீளமான சட்டையும் போட்டு, இரண்டு பைகளை அவரே தூக்கி வந்தார். ஒரு பையில் துண்டு சுற்றி ஒரு பெரிய கத்தரிக்கோல் இருந்தது. குண்டு விழுகிற ஊரிலிருந்து ஓடி வருகிறவர் இதையா எடுத்து வருவார் என்று அம்மா என்னிடம் கிசுகிசுத்தாள்.

ஊருக்குச் சைகோனும் ஒன்றுதான், ரங்கூனும் ஒன்றுதான். 'பர்மாக்காரம்மா' என்று பேர் வைத்துவிட்டார்கள். அவர் கொஞ்ச நாள் திருத்திப் பார்த்துவிட்டு விட்டுவிட்டார். நான் மட்டும் அக்கா என்று கூப்பிட்டேன்.

அக்காவுக்குத் தமிழ் தெரியும். ஆனால் அது கடையில் முதலாளிகளிடமும் வாடிக்கைக்காரர்களிடமும் கணவர் பேசியதைக் கேட்டுக் கற்ற தமிழ். 'நீ', 'போ', 'வா' என்ற சொற்களே அதில் கிடையாது. ஒருநாள் பின்கட்டுக்குள் எங்கள் ஆடு நுழைந்துவிட்டது. அக்கா அதற்கு எதிரில் நின்று பணிவாகச் சொன்னார்: "உள்ள வராதீக. அங்குட்டுப் போங்க."

ஆடு நகரவில்லை. "கோவிச்சுக்காதீக" என்று அதன் காதைப் பிடித்து வெளியே இழுத்தார். நான் சிரித்த சிரிப்பில் குடத்துத் தண்ணீர் பாதி கொட்டியது.

ஆனால் அவர் சிரித்து நான் பார்த்ததில்லை. வந்து மூன்று வாரமாகியும் ஒழுங்காகச் சாப்பிடவில்லை. கணவர் வேலை தேடித் தினமும் காரைக்குடி போவார். பிள்ளைகள் தெருவில் விளையாடப் போய்விடும். அக்கா தனியாக உட்கார்ந்திருப்பார்.

ஒரு காலையில் மாடு மேய்க்கிறவர் ஓடிவந்தார். "பர்மாக்காரம்மா கண்மாயில எறங்கிருச்சு! ஓடி வாங்க!"

எல்லோருக்கும் ஒரே நினைப்புத்தான். அப்பா மண்வெட்டியைப் போட்டுவிட்டு ஓடினார். நானும் அம்மாவும் பின்னாலேயே ஓடினோம். கரையேறிப் பார்த்தால், அக்கா இடுப்பளவு தண்ணீரில் நிற்கிறார்.

"ஆத்தா, வேணாம் தாயி! கரைக்கு வந்துருங்க! எதுன்னாலும் பேசிக்கிருவோம்!" என்று அப்பா கத்தினார்.

அக்கா திரும்பினார். இரண்டு கையிலும் வள்ளைக்கீரை, கட்டுக் கட்டாக. முகமெல்லாம் சிரிப்பு. "தங்கச்சி, இங்க பாருங்க! எங்க ஊரு கீரை! எங்க ஊரு கீரை இங்க வந்திருக்காக!" என்றார். அப்பா அப்படியே கரையில் உட்கார்ந்து தலையில் கை வைத்துக்கொண்டார்.

அன்று பூண்டைத் தட்டிப்போட்டு அந்தக் கீரையை வதக்கினார். "எருமை திங்கிறத எடுத்துச் சட்டியில போடுறாளே" என்று அம்மா என் காதில் சொன்னாள். சொன்னவள்தான் இரண்டாவது முறை வாங்கிச் சாப்பிட்டாள். இடியாப்பத்தைக் கோழிச் சாற்றில் போட்டுச் சாப்பிடுவதை மட்டும் கடைசிவரை அம்மா ஒத்துக்கொள்ளவில்லை. தேங்காய்ப் பால் இருக்கும்போது இதென்ன கூத்து என்பாள்.

சைகோனில் அக்கா தையல் வேலை பார்த்தவர். பெரிய வீட்டு அறை ஒன்றில் செட்டியாரின் மனைவி ஆச்சியின் பழைய தையல் மிஷின் துருவேறிக் கிடந்தது. அதைத் தொடலாமா என்று கேட்டார். கடிதம் வராமல் ஒரு துரும்பையும் எடுக்க விடமாட்டார் அப்பா. மெட்ராஸுக்கு எழுதிப் போட்டார். பதில் வரும்வரை அக்கா தினமும் அந்த அறை வாசலில் நின்று மிஷினைப் பார்த்துவிட்டுப் போவார். 'சும்மா கிடப்பதற்கு ஓடட்டும்' என்று ஆச்சி எழுதிய கடிதம் வந்த அன்றே எண்ணெய் போட்டு மிதிக்கத் தொடங்கிவிட்டார்.

ஆளைச் சுற்றி ஒருமுறை நடந்து பார்ப்பார், அவ்வளவுதான் அளவு. ரவிக்கை கச்சிதமாக இருக்கும். அந்தத் தீபாவளிக்குத் தெருவில் பாதிப் பேர் அவர் தைத்ததைத்தான் போட்டிருந்தார்கள். கணவருக்கும் காரைக்குடி அரிசி மண்டியில் வேலை கிடைத்தது. இரண்டு மாசம் என்றது எப்போதோ தாண்டிவிட்டது. யாரும் அதைப் பற்றிக் கேட்கவில்லை.

அடுத்த வருஷம் தேவகோட்டையில் ஒரு பள்ளிக்கூடத்தில் எனக்கு வேலை கிடைத்தது. தலைமை ஆசிரியை கண்டிப்பானவர். அவரிடம் தைரியமாகப் பேசி, முப்பது பிள்ளைகளின் சீருடைச் சட்டைக்கான துணியை வாங்கி வந்தேன். மாதிரிச் சட்டை ஒன்றை வாங்க மறந்துவிட்டேன். "வெள்ளைச் சட்டை, அரைக்கை, காலர் வச்சது" என்று வாயால் சொன்னதோடு சரி.

பள்ளி திறக்க மூன்று நாள் இருக்கும்போது போய்ப் பார்த்தேன். முப்பது சட்டை மடித்து அடுக்கியிருந்தது. ஒவ்வொன்றிலும் காலர் மடங்காமல் கழுத்தைச் சுற்றி நிமிர்ந்து நின்றது. இரண்டு பக்கமும் இடுப்புவரை வெட்டு. அவர் ஊர்ச் சட்டை! அக்கா என் முகத்தைப் பார்த்துவிட்டு, "தப்பாப் போச்சா?" என்று மெதுவாகக் கேட்டார்.

"தப்பு என் மேலக்கா" என்றேன். எனக்கு அழுகை வந்துவிட்டது.

அம்மா வந்து பார்த்தாள். "அழுகுறதுக்கு நேரமில்லடி. பிரிக்கத் தெரிஞ்சவளுகளக் கூப்புடு" என்றாள். தெருவில் ஆறேழு பேர் வந்துவிட்டார்கள். முற்றத்தில் வட்டமாக உட்கார்ந்து பிளேடால் தையலைப் பிரித்தோம். அக்கா புதுக் காலர் வெட்டித் தைத்து, பக்க வெட்டுகளையும் மூடிக்கொண்டே போனார். கை வேலையில் இருந்ததாலோ என்னவோ, அன்றுதான் அவர் தன் ஊரைப் பற்றிப் பேசினார். குண்டுச் சத்தத்துக்குப் பிள்ளைகளைக் கட்டிலுக்கடியில் தள்ளியது, அம்மாவைக் கூட வரச் சொல்லி அழுதது, அம்மா வீட்டை விட்டு வரமாட்டேன் என்று கதவைச் சாத்திக்கொண்டது. பக்கத்து வீட்டுப் பெரியம்மா, "நாங்க இருக்கோம்ல" என்று சொல்லிவிட்டு அடுத்த சட்டையை எடுத்தார்.

பள்ளி திறந்த அன்று சட்டைகள் போய்ச் சேர்ந்தன. தலைமை ஆசிரியை தையலைத் திருப்பிப் பார்த்துவிட்டு அடுத்த வகுப்புக்கும் துணி கொடுத்தார். நடந்ததை அவரிடம் நான் இன்றுவரை சொல்லவில்லை.

அக்காவின் அம்மாவைப் பற்றிய தகவல் வர ரொம்ப நாளாயிற்று. ஒரு ஞாயிற்றுக்கிழமை நான் அங்கே இருந்தபோது, முந்தின நாள் தபாலில் வந்த ஓர் உறையை மண்டியிலிருந்து கணவர் எடுத்து வந்தார். அக்கா படித்தார், அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். மூத்தவள் தாளை வாங்கிப் பார்த்துவிட்டு, எங்கள் ஊர்ப் பிள்ளையைப் போலவே கத்தினாள்: "எங்க அம்மாச்சி உசுரோட இருக்காக! வாத்து வளக்குறாகளாம்!"

அக்கா அழுதுகொண்டே சிரித்தார். "எங்க அம்மாவுக்கு வாத்துன்னாலே பயம்ங்க" என்றார்.

பிறகு பாரிஸிலிருந்து கணவரின் பழைய சிநேகிதர் எழுதினார். அங்கே வந்துவிடுங்கள், எல்லா உதவியும் செய்கிறேன் என்று. கணவருக்கு ஆசைதான். நாலு நாள் யோசித்துவிட்டு அக்கா சொன்னார்: "நீங்க போறதுன்னா போய்ட்டு வாங்க. இன்னொரு பாஷை படிக்க என்னால முடியாதுங்க." அதோடு அந்தப் பேச்சு முடிந்தது.

மறு வருஷம் காரைக்குடியில் சின்ன வீடும் முன்னால் ஒரு தையல் கடையுமாக வாடகைக்குப் பிடித்தார்கள். பால் காய்ச்ச அம்மாவும் நானும் தெருவில் இரண்டு பேரும் விடிந்ததும் பஸ் ஏறிப் போனோம். பால் பொங்கியதும் கிளம்பிவிடலாம் என்று நினைத்திருந்தோம். ஆனால் தேவகோட்டையிலிருந்து வந்த துணி கட்டுக் கட்டாகக் கிடந்தது. அக்கா எங்களை வாய் நிறைய உபசரித்து, ஆளுக்கொரு ஊசியையும் கையில் கொடுத்துவிட்டார். சாயங்காலம் வரை பொத்தான் துளைகளுக்குக் காஜா எடுத்துக் கொடுத்துவிட்டுத்தான் நாங்கள் ஊர் திரும்பினோம்.