ஐந்தாவது முகடு

கமர்ஜஹான் பச்சை மெழுகில் ஒரு சொட்டைக் கத்தி நுனியில் எடுக்கிறார். புளியங்கொட்டை அளவுகூட இல்லாத ஒரு கடைவாய்ப்பல்லின் மேல் அதை வைக்கிறார். வைத்ததும் வாயை இறுக மூடிக்கொள்கிறார். உள்ளே நாக்கு கிளம்பி மேல்வரிசைக்குப் போவது தாடையின் அசைவில் தெரிகிறது. அங்கே எதையோ தடவிப் பார்த்துத் திரும்பி வந்தபிறகுதான் கத்தி அடுத்த சொட்டுக்கு நகரும். என்ன செய்கிறீர்கள் என்று கேட்டால், "கண்ணு பொய் சொல்லும்ணே, நாக்கு சொல்லாது" என்பார்.

பேகம்பூரில் ஒரு தோல் வியாபாரியின் கிடங்குக்கு மேல் மாடியில் இருக்கிறது அவருடைய லேப். திண்டுக்கல்லின் பல் டாக்டர்கள் வாயில் அச்செடுத்து அனுப்புவார்கள். அந்த அச்சில் சுண்ணத்தை ஊற்றித் தாடையை வார்த்து, அதன்மேல் பல்லுக்கு மாட்டும் கேப்பும் முழுப் பல்செட்டும் செய்து திருப்பி அனுப்புவது இவர் வேலை. வயது நாற்பத்தெட்டு. இருபத்திரண்டு ஆண்டுகளாக இதே நாற்காலி. பல் கட்டிக்கொண்டு ஊருக்குள் சிரித்துத் திரிகிறவர்களுக்கு இப்படி ஒருவர் இருப்பதே தெரியாது. பல்லை டாக்டர்தான் செய்தார் என்று நினைத்துக்கொண்டிருப்பார்கள். நானும் அந்தக் கூட்டத்தில் ஒருவன்தான்.

என்னை அந்த மாடிக்கு ஏற்றியது என் நாக்கு. டாக்டர் மரியசெல்வம் எனக்கு மேல் கடைவாயில் ஒரு கேப் போட்டார். அதன் உள்பக்கம், அண்ணத்தை ஒட்டி, மிளகு அளவில் ஒரு மேடு இருந்தது. நாக்கு சும்மா கிடக்குமா? பேசும்போதும் படிக்கும்போதும் அங்கேயே போய் நின்றது. டாக்டரிடம் கேட்டேன். "அது ஒரு கஸ்ப் சார். சிலருக்கு இயற்கையாவே இருக்கும். லேப்ல பல்லோட அச்சைப் பாத்துத்தானே செய்யறாங்க" என்றார். ஐம்பது வருஷம் என்னோடு இருந்த பல்லை எனக்குத் தெரியாதா? அதில் அப்படி எதுவும் இருந்ததில்லை. லேப் எங்கே என்று விசாரித்துக்கொண்டு மாடியேறினேன்.

கஸ்ப் என்றால் பல்முகடு என்கிறது அகராதி. மெல்லும் பல்லின் தலையில் மேடு மேடாக நிற்கிறதே, அதில் ஒவ்வொன்றுக்கும் அந்தப் பெயர். கமர்ஜஹான் இதை இன்னும் சுருக்கமாகச் சொல்வார்: "மலைண்ணே. நாலு மலை, நடுவுல பள்ளம். சோறு பள்ளத்துல விழுகும், கீழ்ப்பல்லோட மலை வந்து இடிக்கும். அம்புட்டுத்தான் மெல்லுறது." இந்தச் சொல்லை அவர் பல்லோடு நிறுத்திக்கொள்வதில்லை. வாடகை கேட்டுச் சத்தம் போடும் கிடங்குக்காரர் "நாலு கஸ்பும் கூரா இருக்குற ஆளு". கோபம் அடங்கி மருமகளிடம் பணிந்து போகும் மாமியாருக்கு "கஸ்ப் தேஞ்சு போச்சு". பத்து வீட்டுக் கதையை இந்த ஒரு சொல்லை வைத்தே சொல்லி முடித்துவிடுவார்.

மேல்தாடையின் முதல் கடைவாய்ப்பல்லில் மட்டும், நாக்குப் பக்கமாக, சிலருக்கு ஐந்தாவதாக ஒரு குட்டி முகடு இருக்கும். ஏறக்குறைய இருநூறு ஆண்டுகளுக்கு முன் அதைப் பற்றி எழுதிவைத்த ஆஸ்திரியப் பல் மருத்துவர் ஒருவரின் பெயரால் டாக்டர்கள் அதைக் காரபெல்லி என்கிறார்கள். சில குடும்பங்களில் அது வழிவழியாக வரும். கமர்ஜஹான் 'அத்தா' என்று சொல்லும் அவர் தந்தை அப்துல் ஹக்கீமுக்கு இருந்தது. கமர்ஜஹானுக்கும் இருக்கிறது.

"மதுரையில வேலை பழகுறப்ப தெரியாமத்தான் போட்டேன். என் பல்ல நாக்கால தடவித் தடவிச் செதுக்குவேன். எல்லாருக்கும் அப்படித்தான் இருக்கும்னு நெனச்சிருந்தேன். வேலை சொல்லிக் குடுத்தவரு தலையில கொட்டுனாரு. அப்பறம் போடல. அத்தா மவுத்தானப்ப, மய்யித்துக்குத் தாடையக் கட்டுறாக. கட்டுறதுக்கு முன்னாடி அந்தப் பல்லத்தான் கடைசியாப் பாத்தேன். அதுக்குப் பெறகு தெரிஞ்சேதான் போடுறேன்." கத்தியைத் துடைத்தபடி, சாதாரணமாகச் சொன்னார்: "ஊருக்குள்ள எங்கனயாச்சும் மென்னுக்கிட்டு இருக்கட்டுமேண்ணே."

அன்று மதியம் நான் சரியாகச் சாப்பிடவில்லை. ஒவ்வொரு கவளத்தையும் எனக்கு முன்னால் வேறு யாரோ மெல்லுவதுபோல இருந்தது. பயம் என்றே சொல்லிவிடுகிறேன், அதில் என்ன வெட்கம்? இதை வெளியே சொன்னால் டாக்டர்கள் வேலை அனுப்பமாட்டார்கள் என்று என்னிடம் வாக்கு வாங்கியிருந்தார். இப்போது எழுதுவது, அவரே எல்லார் முன்னாலும் சொல்லிவிட்டதால்தான்.

மாடியின் மூன்று சுவர்களிலும் பலகை அடித்து, வார்த்த தாடைகளை அடுக்கி வைத்திருக்கிறார். வேலை முடிந்தால் உடைத்துப் போடுவதுதான் வழக்கம். இவர் போடுவதில்லை. ஒவ்வொன்றின் அடியிலும் பென்சிலில் ஒரு பெயர். கீழே தோல் லாரி வந்து நின்றாலோ, மில் பஸ் போனாலோ பலகைகள் அதிர்ந்து எல்லாத் தாடைகளும் ஒரே நேரத்தில் நறநறக்கும். மகள் ஜீனத் மாடிப் படியில் கால் வைப்பதில்லை. "அதுகளுக்குக் கண்ணு இல்ல, ஆனா என்னையவே பாக்குது" என்பாளாம். அம்மாவுக்கு அந்தப் பயமெல்லாம் இல்லை. சத்தம் கேட்டால், "ஆரம்பிச்சுட்டாக" என்று சிரித்துக்கொள்வார்.

தெருவில் கண்ணீர் அஞ்சலி பேனர் கட்டியிருந்தால் நின்று பார்ப்பார். பேருக்கு முன்னால் சிரிப்பைப் பார்ப்பார். "இது எங்க லேப்புப் பல்லு" என்று சொல்லிவிட்டு மாடியேறி அந்த ஆளின் தாடைகளைத் தேடி எடுப்பார். மேல்தாடையைக் கீழ்த்தாடைமேல் பொருத்தி, செத்தவர்களுக்குத் தாடை கட்டுவதுபோல வெள்ளை நூலால் சுற்றிக் கட்டிக் கிழக்குச் சுவர்ப் பலகையில் வைப்பார். மற்ற இரண்டு சுவர்களில் இருப்பவை திறந்த வாய்கள். அவர்கள் உயிரோடு இருக்கிறார்கள், அல்லது இருக்கிறார்கள் என்று கமர்ஜஹான் நினைத்துக்கொண்டிருக்கிறார்.

இந்த ஆடி மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை பகலில் நான் அங்கே உட்கார்ந்திருந்தேன். டாக்டர் மரியசெல்வம் மாடியேறி வந்தார். அவர் அங்கே வந்து நான் பார்த்ததில்லை. பின்னால் ஏட்டு பொம்மையன். அவருக்கும் பின்னால், படியைப் பிடித்துப் பிடித்து ஏறி, அறுபது வயதிருக்கும் ஒரு அம்மாள். சேவுகம்பட்டி அய்யம்மாள். அவருடைய மகன் பாண்டியராஜ் வேடசந்தூரில் நூல் மில்லில் வேலை பார்த்தவன். நான்கு வருஷத்துக்கு முன் ஷிப்ட் முடிந்து வெளியே வந்தவன் வீடு வந்து சேரவில்லை. காணாமல் போவதற்கு இரண்டு மாதம் முன்புதான் டாக்டரிடம் ஒரு கேப் போட்டிருந்தான்.

பொம்மையன் சட்டைப்பையிலிருந்து ஒரு பிளாஸ்டிக் உறையை எடுத்தார். "தாடிக்கொம்புப் பக்கம் ஒரு தோப்புக் கெணத்தத் தூர் வாருனாகம்மா. எலும்பு கெடச்சுச்சு. சோதனைக்கு அனுப்பியாச்சு, ரிசல்ட் வர மாசக்கணக்காகும். இது மட்டும் தனியாக் கழண்டு கெடந்துச்சு." உறைக்குள் ஒரு ஸ்டீல் கேப் கிடந்தது. சேற்றுக் கறை போகக் கழுவியிருந்தார்கள்.

"உள்பக்கம் பாருங்க கமர்" என்றார் டாக்டர். "காரபெல்லி. எந்தக் கேப்லயும் நான் இதைக் கேட்டு எழுதினதில்ல. பையனோட சொந்தப் பல்லுல இருந்திருக்கும், நீங்க அச்சப் பாத்துச் செஞ்சிருக்கீங்க. அம்மாவும் அதைத்தான் சொல்றாங்க."

அய்யம்மாள் அந்த உறையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "போன்ல சொன்னான் தாயி. 'யம்மா, புதுப் பல்லுல உள்ளுக்குள்ள ஒரு குட்டிப் பல்லு இருக்கு, நாக்கு போயிப் போயி அங்கனயே நிக்குது'ன்னு சொன்னான். இது அவந்தேன்."

கமர்ஜஹானின் கை மேஜைமேல் அப்படியே நின்றது. ஏன் நின்றது என்று அந்த அறையில் எனக்கு மட்டும்தான் தெரியும்.

எழுந்து போய்த் திறந்த வாய்களுக்கு நடுவிலிருந்து ஒரு மேல்தாடையை எடுத்து வந்தார். அடியில் 'பாண்டியராஜ்' என்று எழுதியிருந்தது. கேப் போடுவதற்காக டாக்டர் சுற்றிலும் தேய்த்த பல் அதில் அடிக்கட்டையாக நின்றது. ஒருவருடைய கேப் அவருடைய அடிக்கட்டையில்தான் உட்காரும். கமர்ஜஹான் கேப்பை அதன்மேல் வைத்து விரலால் அழுத்தினார். பாதியில் நின்றது. எடுத்து, ஊதி, மறுபடி வைத்தார். ஆடியது. விரலை எடுத்ததும் சாய்ந்து மேஜையில் விழுந்தது.

"நாலு வருசம் தண்ணியில கெடந்த சாமான். செத்த முன்னப்பின்ன இருக்கும்லம்மா" என்றார் பொம்மையன். டாக்டர் குனிந்து பார்த்து, "உள்ளுக்குள்ள எங்கயோ இடிக்குது" என்று முணுமுணுத்தார்.

அய்யம்மாளின் பார்வை மேஜை ஓரத்தில் இருந்த சின்னத் தேய்ப்பு மெஷின்மேல் போனது. "அதுல தேச்சா உக்காருமா தாயி?"

"உக்காரும்மா. தேச்சா எதையும் எதுலயும் உக்கார வச்சிரலாம்."

"அப்பத் தேயி." அவர் குரல் உயரவில்லை. "நாலு வருசமா ராத்திரி கதவ நாதாங்கி போட்டதில்ல. அமாவாசைக்கு அமாவாசை காக்காய்க்குச் சோத்த எடுத்துக்கிட்டுப் போயி, வைக்க மனசு வராமத் திரும்பி வாரேன். உசுரோட இருக்குற புள்ளைக்கு வச்சுட்டா? மருமக பவித்ரா சின்னப் புள்ள. பொட்டு வைக்கவா அழிக்கவான்னு என்னையக் கேக்குறா, நான் என்னத்தச் சொல்ல? இவந்தேன்னு நீ ஒரு வார்த்தை சொல்லிரு. கொண்டு போயித் தீய வச்சுட்டு ஒருவாட்டி அழுதுக்கிறேன்."

நானாக இருந்தால் தேய்த்திருப்பேன். இரண்டு நிமிஷ வேலை. டாக்டருக்கு நிம்மதி, ஏட்டுக்கு ஒரு கேஸ் முடிந்தது, அந்தத் தாய்க்கு ஒரு முடிவு. கமர்ஜஹானின் ரகசியமும் மாடியைவிட்டு இறங்காது. கமர்ஜஹான் மெஷினைத் தொட்டார். தொட்ட கையாலேயே அதன் ஒயரைச் சுவரிலிருந்து பிடுங்கிவிட்டார்.

"அம்மா, அந்தக் குட்டிப் பல்லு ஒங்க மகனோடது இல்ல" என்றார். "எங்க அத்தாவோடது."

அப்புறம் எல்லாவற்றையும் சொன்னார். டாக்டரைப் பார்க்காமல், அய்யம்மாளை மட்டும் பார்த்துக்கொண்டு சொன்னார். மேல்வரிசை முதல் கடைவாய்ப்பல் எது வந்தாலும், யார் அனுப்பினாலும், இருபத்திரண்டு வருஷமாக அந்த முகட்டை வைத்தே அனுப்புவதைச் சொன்னார். பாண்டியராஜின் வாயில் அது இருந்தது நிஜம். ஆனால் இந்த ஊரில் நூற்றுக்கணக்கான வாய்களில் அது இருக்கிறது. "ஒங்க மகனுக்கும் போட்டேன். இந்தக் கெணத்துல கெடந்த ஆளுக்கும் போட்டிருக்கேன். ரெண்டு பேரும் ஒரே ஆளு இல்லம்மா. இது அதுல உக்காரல."

டாக்டர் மெதுவாக ஒரு ஸ்டூலை இழுத்து உட்கார்ந்தார். திட்டுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் பலகைகளில் இருந்த தாடைகளை ஒவ்வொன்றாகப் பார்க்கத் தொடங்கினார். ஏட்டு பொம்மையன் தம் இடது கன்னத்தைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார். கீழே மில் பஸ் ஒன்று போனது. மூன்று சுவர்களிலும் நறநறவென்று சத்தம் எழுந்து அடங்கியது. கமர்ஜஹான் இந்த முறை சிரிக்கவில்லை.

அய்யம்மாள் அழவில்லை. மேஜையில் கிடந்த கேப்பை எடுத்து உள்ளங்கையில் வைத்துப் பார்த்தார். பிறகு கேட்டார்: "அப்ப இது யாரு பெத்த புள்ள?"

பாண்டியராஜ் எங்கேயோ சாப்பிட்டுக்கொண்டிருக்கலாம், வேறொரு கிணற்றில் கிடக்கலாம். ஆனால் அந்தத் திறந்த வாய்களில் ஏதோ ஒன்றின் சொந்தக்காரர் எத்தனை வருஷமாகவோ தண்ணீருக்கடியில் கிடந்திருக்கிறார். அவரையும் யாரோ கதவைத் திறந்து வைத்துக்கொண்டு எதிர்பார்த்திருப்பார்கள்.

கமர்ஜஹான் அந்தக் கேப்பை அய்யம்மாளின் கையிலிருந்து வாங்கிக்கொண்டு, நூல் கட்டாத பலகைகளின் முன்னால் போய்த் தரையில் உட்கார்ந்தார். அடித்தட்டின் முதல் தாடையை எடுத்தார். கேப்பை வைத்தார், உட்காரவில்லை. தாடையைத் தரையில் வைத்துவிட்டு அடுத்ததை எடுத்தார். அதுவும் இல்லை. "கமர், எல்லாத்தையுமா? எத்தனையோ நூறு இருக்கே" என்றார் டாக்டர். கமர்ஜஹான் மூன்றாவதை எடுத்தார்.

ஆறாவது தாடையையும் வைத்துவிட்டு அடுத்ததற்காகக் கையை நீட்டினார். அய்யம்மாள் எழுந்து பக்கத்தில் வந்து நின்றிருந்தார். மகனின் தாடையை முந்தியில் சுற்றி இடுப்பில் செருகிக்கொண்டிருந்தார். பலகையிலிருந்து அடுத்த தாடையை எடுத்து, மேலே படிந்திருந்த சுண்ணத் தூசியைக் கட்டைவிரலால் பல் பல்லாகத் துடைத்து, கமர்ஜஹானிடம் நீட்டினார்.