நவமணிக்கு நான் படிக்காமல் விட்டது

நவமணி எனக்கு மூன்று வயது மூத்தவள். சுங்கை சிப்புட்டிலிருந்து உள்ளே போனால் பன்னிரண்டாம் மைல் கட்டையில் இருந்த ரப்பர் தோட்டத்தில் பிறந்தவள். அவளுடைய அப்பா சன்னாசிக்குச் சிவப்பு அடையாள அட்டை. குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலை இல்லை என்று ஆனபோது, எழுபதாம் ஆண்டில் அவரும் இந்தியாவுக்குக் கப்பலேறினார். ஊர் போய்ச் சேர்ந்ததும் கடிதம் போடுவதாகச் சொன்னார். போடவில்லை. அம்மா வீரம்மாவுக்குக் குடியுரிமைக்கான நீல அட்டை இருந்ததால் பால்வெட்டு வேலை தங்கியது. ஆனால் ஒருத்தி உழைப்பில் இரண்டு வயிறு நிறையாது என்று பதினைந்து வயது மகளை ஈப்போவுக்கு வீட்டு வேலைக்கு அனுப்பிவிட்டாள்.

மிஸ் லோ என்ற சீனப் பெண்மணியின் கடைவீடு அது. கீழே குடியிருப்பு, மாடியில் பாலே நடன வகுப்பு. மாடிக் கூடத்தின் பலகைத் தரையைத் துடைப்பதும், சுவரை அடைத்து நின்ற கண்ணாடியைப் பளிச்சென்று வைப்பதும், பிள்ளைகள் பிடித்துப் பழகும் நீளமான கைப்பிடிக் கட்டையில் வியர்வைப் பிசுக்குப் போகத் தேய்ப்பதும் நவமணியின் பொறுப்பு. வகுப்பு நடக்கும்போது கதவோரம் நின்று பார்ப்பாள். ஏழு வருடம் அப்படிப் பார்த்தாள். ஒருநாள் யாருமில்லை என்று நினைத்து, கட்டையைப் பிடித்துக் குதிகால்களைச் சேர்த்து நின்றுகொண்டிருந்தபோது மிஸ் லோ வந்துவிட்டார். கண்ணாடியில் கை படாமல் பார்த்துக்கொள் என்று மலாயில் சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

"மத்த பிள்ளைங்களுக்கு முழங்கால் ஒரு இஞ்சு வளைஞ்சாலும் குச்சியால தட்டித் திருத்துவாங்க," என்று பிறகு என்னிடம் சொன்னாள். "என்னை ஒரு அடி அடிச்சிருந்தாக்கூட சந்தோசப்பட்டிருப்பேன்லா."

எழுபத்தேழில் மிஸ் லோ ஆஸ்திரேலியாவுக்குக் குடிபெயர்ந்தார். கனம் என்று ஒதுக்கி வைத்த நான்கு ஆங்கில நடனப் புத்தகங்களை நவமணி கேட்டு வாங்கிக்கொண்டாள். ஒரு மாணவி தேய்ந்துபோனதென்று விட்டுச் சென்ற, நுனி கட்டையாக இறுகிய, விரல் நுனியில் நின்று ஆடுவதற்கான சாட்டின் சப்பாத்து ஜோடியையும் எடுத்துக்கொண்டாள். அவற்றோடு தோட்டத்துக்குத் திரும்பி, அம்மாவுடன் பால்வெட்டப் போனாள்.

என் அத்தா ஜைனுலாப்தீன் சுங்கை சிப்புட்டில் பஸ் நிற்கும் இடத்துக்கு எதிரே சாப்பாட்டுக் கடை வைத்திருந்தார். பள்ளியில் ஐந்தாம் படிவம் முடித்த என்னை, பெண் பிள்ளைக்கு இது போதும் என்று மேலே படிக்க அனுப்பவில்லை. பின்கட்டில் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை நவமணி அங்கே வந்து நின்றாள்.

"நீ இங்கிலீஷ் ஸ்கூல்ல படிச்ச பிள்ளைதானே? இத படிச்சுச் சொல்றியா?"

"என்ன புக்குக்கா இது?"

"ரஷ்யாவில ஆட்டம் எப்படிப் பழக்குறாங்கன்னு. படமெல்லாம் எனக்குத் தெரியும். எழுத்துதான் தெரியல."

ரஷ்யா என்ற சொல் காதில் விழுந்ததும் அத்தா எட்டிப் பார்த்தார். கம்யூனிஸ்டுகளை அரசாங்கம் தேடித் தேடிப் பிடித்த சுங்கை சிப்புட்டில் அந்தச் சொல்லுக்குப் பயப்படாதவர்கள் குறைவு. "அட்டைய மூடி வச்சுப் படிங்க, யாராச்சும் பார்க்கப் போறான்," என்றார். நான்கு புத்தகங்களுக்கும் பழைய நாளிதழால் உறை போட்டோம்.

அதன் பிறகு ஞாயிறு தவறாமல் வந்தாள். பனி கொட்டும் ஊரில் பத்து வயதுப் பிள்ளைகளை வரிசையாக நிறுத்தி, வைத்தியர்கள் இடுப்பையும் முழங்காலையும் பாதத்தின் வளைவையும் அளந்து பார்ப்பதைப் படித்துச் சொன்னேன். நூற்றில் நான்கைந்து பேரைத்தான் எடுப்பார்களாம். முதல் வருடம் முழுக்கக் கட்டையைப் பிடித்தபடியே பழக்கமாம். ஒரு நடனக்காரியின் வாழ்க்கையைச் சொன்ன புத்தகத்தில், சப்பாத்துக்குள் இரத்தம் ஊறியபோதும் அவள் முகத்தைச் சுளிக்காமல் ஆடி முடித்தாள் என்று ஓர் இடம் வந்தது. நவமணி அதை மூன்று முறை படிக்கச் சொன்னாள். நானும் குரலை ஏற்றி இறக்கி நன்றாகவே படித்தேன்.

தோட்டத்தில் ரப்பர் ஷீட்டைப் புகை போட்டுக் காயவைக்கும் கொட்டகை ஒன்று மூடிக் கிடந்தது. பாலை நேராகத் தொழிற்சாலைக்கு லாரியில் ஏற்ற ஆரம்பித்த பிறகு அங்கே யாரும் போவதில்லை. வெட்டிய ரப்பர் பாலை ஒப்படைத்துவிட்டு, மத்தியானம் அவள் அங்கே போவாள். ஷீட் தொங்கவிட்ட மரச்சட்டம்தான் அவளுக்குக் கைப்பிடிக் கட்டை. கூரையும் சுவரும் கரி பூசிக் கிடக்கும். வெளியே வரும்போது அவள் கை, கழுத்து, நெற்றி எல்லாம் கறுத்திருக்கும்.

எழுபத்தொன்பதில் ஒரு ஞாயிறு, பயிற்சிப் புத்தகத்தின் எண்பத்து நான்காம் பக்கத்தை விரித்தாள். விரல் நுனியில் எழுந்து நிற்கும் பெண்ணின் படம். பக்கத்தில் இருந்த எழுத்தைக் காட்டி, "இங்க என்ன போட்டிருக்கு?" என்றாள்.

நான் முதலில் மனத்துக்குள் படித்தேன். பல வருடம் கட்டையில் பழகிப் பாதம் வலுப்பட்ட பிறகே இந்தச் சப்பாத்தை அணியலாம், வளர்ச்சி முடிந்த பிறகு தொடங்கியவர்களும் ஆசிரியர் இல்லாதவர்களும் அணியவே கூடாது, கெட்ட எலும்பு பழையபடி ஆகாது என்று தெளிவாக இருந்தது. நிமிர்ந்து பார்த்தேன். புத்தகத்தின் மேல் அப்படியே குனிந்திருந்தாள்.

"உடம்ப நேரா வச்சு, கால் விரல மடக்காம எழும்பணும்னு போட்டிருக்கு," என்றேன். அது அடுத்த வரி.

அவள் மனம் உடைந்துவிடும் என்று பயந்தேன் என்று பல வருடம் எனக்கே சொல்லிக்கொண்டேன். அதில் பாதிதான் உண்மை. இனிமேல் வரமாட்டாளோ என்றும் பயந்தேன். வாரம் முழுக்க அந்தப் பின்கட்டில் என்னோடு பேச வேறு யாரும் இருக்கவில்லை.

சப்பாத்து அவளுக்குக் கொஞ்சம் பெரிது. இலவம் பஞ்சு வைத்து இறுக்கினாள். மூன்று மாதம் கழித்து என்னைக் கொட்டகைக்குக் கூப்பிட்டாள். மரச்சட்டத்தைப் பிடித்தபடி எழுந்தாள். பிறகு கையை விட்டாள். எட்டு எண்ணும்வரை அப்படியே நின்றாள். கரிச்சுவருக்கு முன்னால், மங்கிய கைலியில், கூரை ஓட்டை வழியாக வந்த வெயிலில். நான் எண்பத்து நான்காம் பக்கத்தை அந்த நேரம் முழுதாக மறந்துபோனேன்.

தோட்டத்தில் பேச்சு கிளம்பியது. பாழடைந்த கொட்டகையில் தனியாகக் கூத்தாடுகிறாள், ஏதோ பிடித்திருக்கிறது என்றார்கள். லாரி ஓட்டும் பத்துமலைக்கு அவளைப் பேசி வைத்திருந்த சம்பந்தம் நின்றுபோனது. வீரம்மா ஒருநாள் கடைக்கே வந்துவிட்டாள்.

"கால வச்சுத்தான்மா நாங்க சோறு திங்கிறோம். மேட்டுல ஏறி இறங்கி வெட்டுற காடு. நீ படிச்ச பிள்ளை, சொன்னா கேப்பா. வேணாம்னு சொல்லுலா."

சொல்கிறேன் என்றேன். சொல்லவில்லை.

எண்பத்தொன்றில் இடது கால் வீங்கத் தொடங்கியது. பெருவிரல் நகம் கறுத்து விழுந்தது. மழைக்காலம், ரப்பர் பூட்ஸுக்குள் எந்நேரமும் ஈரம். "வலிக்குதாக்கா?" என்று கேட்டேன்.

"வலிக்கத்தான் செய்யும். அவங்களுக்கெல்லாம் இரத்தமே வரலையா? நீதானே படிச்சே."

அப்போதாவது சொல்லியிருக்கலாம். அடுத்த ஞாயிறு அவள் வரவில்லை. அதற்கடுத்த ஞாயிறும் வரவில்லை. விடியற்காலை ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக்கு நிற்கும்போதே விழுந்துவிட்டாளாம். ஈப்போ ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோயிருந்தார்கள். வெகுநாள் முன்பே கீறல் விட்டிருந்த எலும்பில் சீழ் பிடித்திருந்தது. பெருவிரலையும் அடுத்த விரலையும் எடுத்துவிட்டார்கள்.

நான் போனபோது வீரம்மா கட்டிலின் கால்மாட்டில் உட்கார்ந்திருந்தாள். என்னைப் பார்த்ததும் தண்ணீர் பிடித்து வருகிறேன் என்று எழுந்து போனாள். நான் நின்றபடியே நவமணியிடம் எல்லாவற்றையும் சொன்னேன்.

"எந்தப் பக்கம்?"

"எண்பத்து நாலு."

"இன்னும் எத்தனை இடத்தில விட்டே?"

"அந்த ஒரு இடம்தான்க்கா. அல்லா மேல ஆணையா."

"நான் எப்படி நம்புறது?" என்றாள். கோபமாகக் கேட்கவில்லை. உண்மையிலேயே தெரியாமல் கேட்டது போல இருந்தது. பிறகு சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள்.

மேட்டுக்காட்டில் நிற்க அவளால் இனி ஆகாது. ஈப்போவில் ஒரு சட்டை தைக்கும் தொழிற்சாலையில் சேர்ந்தாள் என்று வீரம்மா வழியாகத் தெரிந்தது. நான்கு புத்தகங்களையும் கொண்டுபோயிருந்தாள். எனக்குக் கல்யாணமாகிக் கோலா கங்சாருக்கு வந்துவிட்டேன். எண்பத்தைந்தில் அத்தாவின் கடை விலாசத்துக்கு நவமணியிடமிருந்து ஒரு கடிதம் வந்தது. நலம் விசாரிப்பு ஏதும் இல்லை. இரண்டு தாள் நிறையப் பக்க எண்கள்.

"பக்கம் 12. முழங்கை என்று சொன்னாய். அது மணிக்கட்டு. பக்கம் 31. மூச்சை இழு என்று சொன்னாய். விடு என்று இருக்கிறது." இப்படிப் பத்தொன்பது பிழைகள். ஆங்கில எழுத்தைக் கற்று, அகராதி வைத்துக்கொண்டு, மூன்று வருடமாக ஒவ்வொரு சொல்லாகத் தேடி, நான்கு புத்தகத்தையும் படித்து முடித்திருந்தாள். கடைசியில், "வேண்டுமென்று விட்டது நீ சொன்ன ஒன்றுதான். சரிபார்த்துவிட்டேன்," என்று எழுதிக் கையெழுத்துப் போட்டிருந்தாள்.

பதில் எழுத மூன்று முறை உட்கார்ந்தேன். எழுதவில்லை.

எண்பத்தேழில் வீரம்மா இறந்துபோனாள். தோட்டத்தில் வேலை செய்ய ஆளில்லாததால், அவர்கள் இருந்த லயத்து வரிசை வீட்டை நிர்வாகம் திரும்ப எடுத்துக்கொண்டது. அடுத்த வருடம் நவமணிக்குக் காலில் மறுபடி புண் கண்டு, பாதி பாதத்தை எடுத்துவிட்டார்கள் என்று கேள்விப்பட்டேன். அவளோடு தைக்கும் ராக்காயி என்ற பெண்ணின் அடுக்குமாடி வீட்டில் இருந்தாள். ஒரு மாலை விலாசம் விசாரித்துக்கொண்டு ஏறிப் போனேன்.

கதவைத் திறந்தவள் அவளேதான். முப்பத்துமூன்று வயதில் முன்நெற்றி முடி நரைத்திருந்தது. ஒரு கையால் சுவரைப் பிடித்திருந்தாள்.

"வாங்க," என்றாள். "உக்காருங்க. பிள்ளைங்க எத்தனை?"

மூன்று என்றேன். நல்லது என்றாள். தையல் இயந்திரத்தின் மிதியை வலது காலால் மட்டும் அழுத்தப் பழகிவிட்டதாகவும், மழை நாளில் இல்லாத விரல்களிலும் வலி வருவதாகவும் சொன்னாள். கால் மணி நேரம் பேசினோம். வாய் தவறிக்கூட என்னை ஒருமுறையும் நீ என்று சொல்லவில்லை. மைலோ கலக்கிக் கொடுத்தாள். குடித்து முடித்ததும், நான் தடுத்தும் கேட்காமல், குவளையை வாங்கிக்கொண்டு சுவரைப் பிடித்துப் பிடித்து அடுப்படிக்குப் போனாள்.