இவருடைய டொச்

கனடாவுக்கு வருமுன் என் கணவர் ஜேர்மனியில் இருந்தவர். அகதி முகாமிலும் ஒரு ரெஸ்ரோறண்ட் குசினியிலும் பழகிய டொச், அதுதான் ஜேர்மன் மொழி, தனக்குத் தண்ணிபட்ட பாடு என்று வீட்டுக்கு வருகிற எல்லாரிடமும் சொல்லுவார். கோபம் வந்தால் அதில்தான் ஏசுவார். கேட்டுக் கேட்டு எனக்குக் காது புளித்துவிட்டது.

ஒரு ஞாயிறு மத்தியானம், எங்கள் அஜின்கோர்ட் அப்பார்ட்மென்டில், ரிவியில் சின்ன ஜேர்மன் நாடகம் ஒன்று போனது. ஒரு புருஷன், ஒரு பெண்சாதி, ஒரு சாப்பாட்டு மேசை, அவ்வளவுதான் கதை.

"எங்கை, என்ன கதைக்கினம் எண்டு சொல்லுங்கோ பாப்பம்," என்றேன்.

புருஷன் எழும்பி நின்று கத்தினான்.

"வாயை மூடு, உன்ர சாமானை எடு, வெளியில போ எண்டுறான்." இவருக்கு ஒரு சொல்லும் தடக்கவில்லை.

பிறகு அந்தப் பெண் அவனுடைய கையைப் பிடித்துக்கொண்டு, மெல்லிய குரலில் கனநேரம் கதைத்தாள்.

"இப்ப என்னவாம்?"

"விளங்கேல்லை."

"அப்ப உங்கட டொச் இவ்வளவுதானோ?" எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

இவர் ரிவியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"உந்தச் சொல்லுகளை அங்கை என்னோட ஒருத்தரும் கதைச்சதில்லை," என்றார்.