இஸ்பகானுக்குக் கொண்டுபோன மெழுகுவர்த்தி

சலீம், நூர்ஜகான், ஈரானில் எல்லோரும் முஸ்லிம்கள்தானா என்று கேட்டீர்கள். நான் எட்டாவது வரை படித்தவன். சரித்திரம் சொல்லத் தெரியாது. 1976 டிசம்பரில் இஸ்பகானுக்குப் போய் வந்ததை மட்டும் எழுதுகிறேன்.

அப்போது யஸ்த் ஊருக்கு வெளியே, ரோடு போடும் கேம்பில் நான் லாரி மெக்கானிக். போளூர் அந்தோணி மாமா அங்கே டிரைவர், என் அறையில்தான் இருந்தார். ஊரில் மாமிக்கு அது மூன்றாவது பிரசவம். முதல் இரண்டும் தங்கவில்லை. கிறிஸ்துமஸ் பூசையில் மெழுகுவர்த்தி ஏற்றுவதாக மாமா வேண்டிக்கொண்டிருந்தார். இஸ்பகானில் அர்மீனியக் கிறிஸ்தவர்களுக்கு ஒரு பேட்டையே இருக்கிறது என்று கேள்விப்பட்டுக் கிளம்பினோம்.

வெள்ளிக்கிழமை, 24ஆம் தேதி. காலை பத்து மணிக்கு பஸ். முந்நூறு கிலோமீட்டர், இரண்டு பக்கமும் மொட்டை வெளி. இறங்கும்போது இருட்டிவிட்டது, பனி கொட்டியது. டீக்கடைக்காரர் ஒரு வீட்டைக் காட்டினார். வீட்டுக்காரர் யாகூப், கம்பள வியாபாரி. பெயரைக் கேட்டு நம்மவர் என்று ஸலாம் சொன்னேன். அவரும் சொன்னார். வீட்டில் நாம் பேசும் உருதும் கேம்பில் கற்ற பாரசீகமும் கைகொடுத்தன. வாடகை முப்பது துமான். நீட்டினேன், வாங்கவில்லை.

“நாளைக்கு இருட்டின பிறகு குடுங்க” என்றார்.

சனிக்கிழமை காலை. கூடத்து மண்ணெண்ணெய் அடுப்பு அணைந்து கிடந்தது. அவர் பிள்ளைகள் இருவரும் ரஜாய்ப் போர்வைக்குள் நடுங்கினார்கள்.

“குளிரா இருக்கு” என்றார் யாகூப்.

“ஆமாங்க” என்றேன்.

அடுப்பைப் பார்த்தார். “ரொம்பக் குளிரா இருக்கு.”

“இன்னா பாய், இதையே சொல்றாரு?” என்றார் மாமா. “எண்ணெய் கம்மியா இருக்கானு பாருங்க.”

எண்ணெய் நிறையவே இருந்தது. யாகூபின் மனைவி சிரித்துக்கொண்டே வந்து விளக்கினார். அவர்கள் யூதர்கள். வெள்ளி இருட்டியதிலிருந்து சனி இருட்டும்வரை காசு தொடக் கூடாது, நெருப்பு மூட்டக் கூடாது. மூட்டிக் கொடு என்று பிறரைக் கேட்கவும் கூடாது. வாரந்தோறும் பக்கத்து வீட்டு ஃபாத்திமா அம்மாள் தானாகவே வந்து ஏற்றிவிட்டுப் போவாராம். அன்று பனியால் தன் மகளின் வீட்டிலேயே தங்கிவிட்டாராம்.

தீக்குச்சி கிழித்தேன். யாகூப் நன்றி சொல்லவில்லை. “இப்போ குளிர் இல்லை” என்றார்.

ஒன்பது மணிக்கு ஆற்றைத் தாண்டி அர்மீனியர் பேட்டைக்குப் போனோம். கடைப் பலகைகளில் வேறு எழுத்து. மாமா கல்யாணச் சட்டை போட்டிருந்தார். கையில் செய்தித்தாளில் சுற்றிய மெழுகுவர்த்தி. கோயில் பூட்டியிருந்தது. ஒரு பெண்மணி வாசல் பனியைத் தள்ளிக்கொண்டிருந்தார். கிறிஸ்துமஸ் பூசை எப்போது என்று கேட்டேன்.

“ஜனவரி ஆறு.”

மாமாவுக்குச் சொன்னேன். கோபுரத்தை அண்ணாந்து பார்த்தார்.

“ஏசு பொறந்த சேதி இவங்களுக்கு லேட்டா வந்துச்சா பாய்?”

அவர் என்ன சொல்கிறார் என்று அந்த அம்மாள் கேட்டார், சொல்லவேண்டியதாயிற்று. “நாங்க ஆதியிலேருந்து அந்த நாள்தான். உங்களுக்குத்தான் அவசரம்” என்றார். பிறகு, இப்போதே ஏற்றுவதென்றால் கதவைத் திறக்கிறேன் என்றார்.

“பூசையிலனு வேண்டிக்கிட்டேன் பாய். அது இல்லாம ஏத்தினா ஏத்தின மாதிரி ஆவுமா?” மெழுகுவர்த்தியை மறுபடி சுற்றினார். “ஆறாந்தேதி லீவு கேக்கறேன்.”

இருட்டியதும் யாகூப் வாடகையை வாங்கிக்கொண்டு டீ கொடுத்தார். உங்கள் ஊரில் முஸ்லிம்கள் ஜாஸ்தியா என்று கேட்டார். கம்மி என்றேன், கார்த்திகை தீபத்தன்று ஊரே மலையைப் பார்த்து நிற்கும், செங்கம் ரோட்டு ஷெட்டில் எங்களுக்கு அன்றுதான் வேலை ஜாஸ்தி என்றேன்.

“கஷ்டம் ஒண்ணும் இல்லையா?”

“சில நாள் இருக்கும்.”

“எங்களுக்கும்” என்றார்.

மறுநாள் யஸ்த் திரும்பினோம். மாமாவுக்கு லீவு கிடைக்கவில்லை. ஐந்தாம் தேதியே லாரியோடு பந்தர் அப்பாஸுக்கு அனுப்பினார்கள். கிளம்பும்போது அலமாரியில் இருந்த மெழுகுவர்த்தியைப் பார்த்தார்.

“நாளைக்கு நான் இங்க இருக்க மாட்டேன் பாய்” என்றார்.

மாமிக்கு ஸ்டெல்லா நல்லபடியாகப் பிறந்த தந்தி பல நாள் கழித்துத்தான் வந்தது. அன்றைக்கு யாருக்கும் எதுவும் தெரியாது. ஆறாம் தேதி காலை, இஸ்பகானில் பூசை நடக்கும் நேரத்தில், கேம்ப் ஷெட்டிலிருந்து அறைக்கு வந்தேன். கைக் கிரீஸைத் துடைத்தேன். மெழுகுவர்த்தியை ஒரு டப்பா மூடியில் நிறுத்தி ஏற்றினேன். அவர்கள் ஜெபம் எனக்குத் தெரியாது. கதவைச் சாத்திவிட்டு, அது எரிந்து முடியும்வரை பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன்.