செந்நாய்க்குக் காவல் நின்றவன்

அந்தப் பாரஸ்ட் வாட்சரை நினைத்தால் இன்றும் எரிச்சல்தான் வருகிறது. ஒட்டிய கன்னம், வெளுத்த காக்கி. விட்டையைக் கண்டால் குத்தவைத்து உட்கார்ந்து குச்சியால் கிளறுவான்.

குற்றால மலையடிவாரத்தில் விஷம் வைத்தே செந்நாயை ஒழித்திருந்தோம். அதன்பிறகு காட்டுப்பன்னி பெருகி, வருஷா வருஷம் என் மரச்சீனிக் கிழங்கில் பாதியைத் தோண்டித் தின்றது. எழுபதுகளில் சட்டம் போட்டு விஷத்தை நிறுத்தியதும் செந்நாய் திரும்பி வந்தது.

வந்ததும் என் இரண்டு ஆட்டில் ஒன்றைப் பாதி தின்று போட்டது. மற்றதும் போய்விடுமோ என்று பயந்து, செத்த ஆட்டின் மிச்சத்தில் விஷம் தடவப் போனேன். அதற்குள் வாட்சர் அதைக் குழியில் போட்டு மூடிக்கொண்டிருந்தான்.

“ஏலே, நீ சம்பளம் வாங்குதது மனுசனுக்கா, நாய்க்கா?”

பக்கத்தில் கிடந்த செந்நாய் விட்டையைக் கிளறிக் குச்சியை நீட்டினான். “பாருங்க அண்ணாச்சி, பூராவும் பன்னி மயிரு. உங்க கிழங்கைத் தோண்டுத பன்னியத்தான் திங்குது.”

“என் ஆட்டு மயிரு எங்கலே?”

“அது நாளைக்கு வரும்.”

கை ஓங்கினேன். அவன் நகரவில்லை.

அந்த வருஷம் தோட்டத்தில் பன்னி இறங்கவில்லை. கிழங்கு முழுசாக வீடு வந்தது. ஒன்றுகூட அவனுக்குக் கொடுக்கவில்லை. வரப்பு வழியாகப் போனவன் கேட்கவும் இல்லை. கேட்டிருந்தால் நாலு வார்த்தை திட்டியிருப்பேன், மனசாவது ஆறியிருக்கும்.